கடலுக்குப் பயந்தவள்

ஐரோப்பியப் பாட்டுப் போட்டியில் மால்டாவின் பாட்டு மேடையேறுகிறது. விளக்கணைத்த கூடத்தில் தொலைக்காட்சியின் நீல ஒளி எல்லார் முகத்திலும் அலைகிறது. பாட்டை எழுதியவன் லியாண்டர். அவன் மனைவி டோரீன் சூடான பஸ்தீட்சிப் பலகாரத் தட்டை மடியில் வைத்துக்கொண்டு கேட்கிறாள். "கடலுக்குப் பயந்தவளே, என் கையைப் பிடி" என்று ஐரோப்பாவுக்கே கேட்கப் பாடுகிறாள் பாடகி. "அண்ணி, அண்ணன் உங்களைத்தான் எழுதியிருக்கான்! வெக்கத்தைப் பாரு!" என்று நாத்தனார் ரமோனா அவளை இடிக்கிறாள். "மீன்காரர் வீட்டுப் பொண்ணுடி நான். எனக்கு என்னைக்கு கடல்னா பயம்?" டோரீன் சொன்னதும் எல்லாரும் சிரிக்கிறார்கள். "சும்மா, பாட்டுக்காக எழுதினது" என்கிறான் லியாண்டர். தினமும் டோரீனோடு கடலில் நீந்துகிறவன் யாரை நினைத்து எழுதினான்? டோரீனின் விரல்களில் பலகாரம் உதிர்கிறது. தெருவெல்லாம் கைதட்டல். தீவே திரையைப் பார்க்கிறது. லியாண்டர் மட்டும் தன் பாட்டைப் பார்க்காமல், அவளுக்குப் புரிந்துவிட்டதா என்று அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறான்.