ஒற்றை நரம்பு யாழ்

"யாழுன்னா நரம்பு வரிசையா நிறைய இருக்குமே. இதுல ஒண்ணுதானே இருக்கு?"

மாப்பிள்ளையாக வரப்போகிறவனின் அப்பா, சுவரை அண்ணாந்து பார்த்துக் கேட்டார். ஓய்வுபெற்ற நீதிபதி. ஓய்வு பெற்றது அவர் மட்டும்தான். குரல் இன்னும் பணியில் இருந்தது.

பெண்ணின் அப்பா சோபா நுனிக்கு நகர்ந்தார். ஓர் அலுவலகத்தில் தலைமை எழுத்தர் அவர். பிள்ளைகள் இரண்டும் தாங்களாகவே பேசி முடித்துவிட்டன; பெரியவர்கள் தலையாட்டினால் போதும். ஆனால் நீதிபதி வீட்டுத் தலை லேசில் ஆடாது என்று கேள்வி.

"மத்ததெல்லாம் காலப்போக்குல அறுந்து போச்சுங்க."

"அப்ப அதெல்லாம் கட்டின தடமாவது இருக்கணுமே?"

"இது ஆதி யாழுங்க. வேடன் வில்லை இழுத்து விட்டப்ப நாண்ல ஒரு சத்தம் வந்துச்சு பாருங்க, அதுலேர்ந்துதான் யாழே பிறந்துச்சுன்னு சொல்றாங்க. வில்லுக்கு ஒரு நாண்தானே."

சொன்னதில் பாதி உண்மை. அது வில்தான். ஆனால் பஞ்சு அடிக்கிற வில். தலைமை எழுத்தரின் அப்பா அதைத் தோளில் சுமந்து தெருத் தெருவாக அலைந்து, கண்டவர் வீட்டுப் பழைய மெத்தைகளையெல்லாம் பிரித்துப் பஞ்சைப் பறக்கவிட்டுத்தான் மகனைப் படிக்க வைத்தார். 'நான் இந்த வீட்டை விட்டுப் போற அன்னைக்குத்தான் இதுவும் போகணும்' என்று கிழவர் சொல்லிவிட்டார். மகன் வேறு வழியில்லாமல் அதற்கு வார்னிஷ் அடித்து, கூடத்துச் சுவரில் மாட்டி, யாழாகப் பதவி உயர்வு கொடுத்துவிட்டார்.

கிழவருக்கு அப்படி ஒரு பதவி உயர்வு கொடுக்க வழியில்லை. அதனால் காலையிலேயே பின்னறையில் உட்கார வைத்துக் கதவைச் சாத்தியாயிற்று.

"இருமாம இருங்கப்பா. உங்க பேத்தி வாழ்க்கை."

"நான் எங்கடா இருமுறேன்? அது தானா இருமுது," என்றார் கிழவர். "சரி, சொல்லிப் பார்க்கிறேன்."

நீதிபதி பேசிக்கொண்டே சோபாத் திண்டைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்த்தார். அழுக்கு இருக்கிறதா என்று சோதிக்கிறார் போலிருக்கிறது. தலைமை எழுத்தர் தன் பக்கத்துத் திண்டைத் திருப்பி வைத்தார்.

"யாழுன்னு பேரு வந்ததுக்கு என்ன காரணமாம்?"

இதற்காகத்தான் அவர் ஒரு வாரம் நூலகத்தில் உட்கார்ந்து எழுந்திருந்தார். "ரெண்டு விதமாச் சொல்றாங்க. யாத்தல்னா கட்டுறது. நரம்பை இழுத்துக் கட்டினதால யாழ். இன்னொண்ணு..."

"தண்டோட நுனியில யாளி முகம் செதுக்கியிருப்பாங்க. அதனால யாழ்," என்று நீதிபதி முடித்தார்.

போச்சு, ஆள் விஷயம் தெரிந்தவர். "உங்களுக்குத் தெரியாததா," என்று அசடு வழிந்தார் தலைமை எழுத்தர்.

"ஏதோ கொஞ்சம்." நீதிபதி ஏனோ கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இதுல யாளியைக் காணோமே?"

"கரையான் தின்னுடுச்சுங்க."

"முகத்தை மட்டுமா?"

"கரையானுக்கும் ரசனை உண்டு இல்லீங்களா?"

சமையலறையில் ஒரு பாத்திரம் தேவைக்கு மேல் ஓசையோடு வைக்கப்பட்டது. மனைவியின் விமர்சனம்.

அப்போது பின்னறையிலிருந்து அது வந்தது. வறண்டு, நீண்டு, அடிவயிற்றிலிருந்து கிளம்பி வரும் இருமல்.

நீதிபதி நிமிர்ந்தார். "அது யாரு?"

"பக்கத்து வீட்டுக்காரருங்க."

"உள்ளேர்ந்து கேக்குதே?"

"சுவர் மெல்லிசு."

டீத் தட்டோடு வந்த மகள் நின்றாள். அப்பாவை ஒரே ஒரு தடவை பார்த்தாள். பிறகு கோப்பைகளை வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

தலைமை எழுத்தர் கூனிக் குறுகிப் போனார். அவர் படித்த ஒவ்வொரு வகுப்புக்கும் கொஞ்சம் கொஞ்சமாகக் கிழவர் நெஞ்சில் ஏறிய பஞ்சு அது. அதைப் போய் யாருடையதோ என்று சொல்லிவிட்டார். 'இல்லீங்க, அது எங்கப்பா' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார்.

வாய், "டீ ஆறிடப் போகுது," என்றது.

நீதிபதி டீயைத் தொடவில்லை. எழுந்து சுவரருகே போனார். வில்லுக்குக் கீழே அலமாரியில், இரு முனையும் பருத்து நடுவில் சிறுத்த ஒரு மரக்கட்டை கிடந்தது. பஞ்சு அடிக்கும்போது நாணில் தட்டுகிற கட்டை. அதை ஒளிக்க மறந்திருந்தார்கள்.

"இது?"

"அதுங்களா... கதவுக்கு முட்டுக் கொடுக்கிறது."

நீதிபதி அதைக் கையில் எடுத்தார். இடக்கையால் வில்லைப் பிடித்துக்கொண்டு, மணிக்கட்டை ஒரு சுழற்றுச் சுழற்றி நாணில் தட்டினார். டொய்ங். மறுபடியும் டொய்ங். அப்புறம் விட்டு விட்டு, ஒரே சீராக.

பின்னறைக் கதவுக்கு அப்பாலிருந்து கிழவரின் குரல் வந்தது. "யாருப்பா அது? தொழில் தெரிஞ்ச கையால்ல இருக்கு."



நீதிபதி கட்டையை எடுத்த இடத்திலேயே வைத்தார். முகத்தைத் திருப்பவில்லை. இப்போது குரலும் ஓய்வு பெற்றிருந்தது.

"யாத்தல், யாளி... நானும் அதே ரெண்டைத்தான் மனப்பாடம் பண்ணி வச்சிருக்கேன், சம்பந்தி. அடுத்த வாரம் நீங்க எங்க வீட்டுக்கு வர்றப்ப, கூடத்துல இதே மாதிரி ஒரு யாழ் மாட்டியிருக்கும். பின்னால ஒரு பக்கத்து வீட்டுக்காரரும் இருமுவார்."