முழுதாகத் திறந்த மூடி

அன்று அந்த ஒத்திகை அறையில் இருந்தவர்கள் நாலே பேர். பாடகி, அவருடைய அண்ணன், அண்ணி, பதினோரு வருடமாக அவருடைய பாட்டுக்குப் பக்கவாத்தியம் வாசித்துவந்த பியானோக்காரர். ஐந்தாவது ஆள் கிடையாது. ஆகவே வெளியே உலவும் கதைகளை யாரும் நம்ப வேண்டியதில்லை.

"மூடியை இறக்கி வச்சு வாசிங்கன்னு எத்தனை தடவை சொல்றது?" அண்ணன் பியானோவின் மேல்மூடியைத் தாங்கி நின்ற கம்பை விரலால் தட்டினார். "நேத்து கச்சேரியில தங்கச்சி குரலே எழும்பல. உங்க சத்தம்தான் எழும்புச்சு."

"முன்வரிசையில இருந்தவங்களுக்குப் பல்லே ஆடிடுச்சாம்," என்றார் அண்ணி. "எங்க வீட்டுப் பிள்ளைங்க உங்களுக்கு 'இடி மாமா'ன்னு பேரே வச்சாச்சு."

பியானோக்காரருக்கு முகம் சுண்டிப்போனது. பாடுகிறவரின் மூச்சுக்கு இடம்விட்டு வாசிப்பதில் பேர் வாங்கியவர் அவர். பாடகி ஒரு வரியை விட்டுத் தாவினால், தானும் கூடவே தாவி, சபைக்குத் தெரியாமல் கரை சேர்த்தவர். இந்த இரண்டு வருடமாகத்தான் இப்படி ஒரு அவப்பெயர்.

"நானா திறக்கல சார். அவங்கதான் முழுசாத் திறக்கச் சொல்றாங்க. இன்னும் அழுத்தி வாசிங்கன்னு உயிரை எடுக்கறாங்க. நீங்களே கேளுங்க."

பாடகி ஜன்னலோரம் முதுகைக் காட்டிக்கொண்டு, தெருவைப் பார்த்தபடி நின்றார். பாடும்போது உள்ளங்கையைப் பியானோவின்மேல் பதித்து நிற்கும் அவருடைய தோரணையைப் பத்திரிகைகள் பத்தி பத்தியாகப் புகழும். பக்கத்திலேயே வியர்த்து வழிகிறவரைப் பற்றி ஒரு வரி வராது.

"பழியைத் தூக்கி அவ தலையில போடாதீங்க," என்றார் அண்ணன். "உங்களுக்குக் காது மந்தமாயிடுச்சு. ஊரே சொல்லுது. இனிமேலும் சும்மா இருந்தா எங்க குடும்பத்துப் பேரு என்னத்துக்கு ஆகும்?" கோட்டுப் பையிலிருந்து ஒரு தாளை உருவினார். "நாளைக்குப் பேப்பர்ல அறிக்கை வந்துடும்."

அது வந்துவிட்டால் வேறு எந்தப் பாடகரும் தன்னைக் கூப்பிட மாட்டார் என்பது பியானோக்காரருக்குத் தெரியும்.

"அம்மா, நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க."

பாடகி திரும்பவில்லை.

பதினோரு வருடத்துக்கு இதுதான் மரியாதை! பியானோக்காரர் இசைத்தாள்களை வாரிப் பைக்குள் திணித்தார். ஒன்று கிழிந்தது. கிழியட்டும்.

அண்ணன் தங்கையின் தோளைத் தொட்டுத் தாளை நீட்டினார். அண்ணி பேனாவைத் திறந்து கொடுத்தார்.

'கேட்கும் திறன் குறைந்துவிட்டதால் எங்கள் பியானோக் கலைஞர் ஓய்வு பெறுகிறார்' என்று இருந்தது. பாடகி அதை இரண்டு முறை படித்தார். பைக்குள் எதையோ திணித்துக்கொண்டிருந்தவரை நிமிர்ந்து பார்த்தார். பிறகு அந்த வரியைக் குறுக்கே அடித்தார்.

"காது போனது அவருக்கில்ல அண்ணா. எனக்கு."