காளானுக்கு ஒரு பக்கம்

மழை விட்ட காலையில் நத்தை எழுத்தர் பதிவேட்டோடு காட்டுக்கு வந்தார். எல்லா உயிர்களையும் இனம் பிரித்து எழுத வேண்டும். எந்தப் பக்கத்திலும் சேராததை எழுத்தரே தின்றுவிடலாம் என்பது உத்தரவு.

காளான் முந்திக்கொண்டு கெஞ்சியது. "ஐயா, என்னைத் தாவரத்துல எழுதிக்குங்க."

"தாவரமா? இலை எங்கேய்யா? வெயில்ல சமைக்கத் தெரியுமா?"

"தெரியாதுங்க. மக்கின கட்டையைத் தின்னுதான் பிழைக்கிறேன்."

"தின்பியா? அப்போ விலங்கு. எங்கே, நாலடி நடந்து காட்டு."

காளான் முக்கி முனகிப் பார்த்தது. ஓர் அங்குலம்கூட நகரவில்லை. நத்தையார் சப்புக்கொட்டிக்கொண்டு நெருங்கினார்.

"ஐயா, ஐயா! அந்தக் கடைசிப் பக்கம் சும்மாதானே கிடக்கு? அதுல என் பேரைப் போடுங்களேன்!"

பக்கம் காலியாக இருந்தால் மேலிடம் கேள்வி கேட்கும். நத்தையார் பெருமூச்சு விட்டு, 'காளான் குலம்' என்று எழுதினார். "இனிமே இதுல யாரைச் சேர்க்கிறதுன்னு நீயே சொல்லு."

காளானுக்கு உயிர் வந்தது. அப்போது அதே கட்டையில் படர்ந்திருந்த பூஞ்சை கூப்பிட்டது. "அண்ணே, எனக்கும் இலை இல்லை, காலும் இல்லை. என்னையும் சேர்த்துக்குங்கண்ணே!"

காளான் அதை மேலும் கீழும் பார்த்தது.

"சேர்த்துக்கலாம்தான். ஆனா, தலையில ஒரு குடைகூட இல்லாம எப்படித் தம்பி?"