முதல் மடக்கு

மொராக்கோவின் அகாதிர் துறைமுகத்துக்குப் பின்னால் போட்ட தேர்தல் பந்தலில், மதிய வெயில் துணியைத் துளைத்து இறங்குகிறது. மத்தி மீன் டப்பா ஆலை முதலாளியாக இருந்து அமைச்சரான ஹம்மு அஸ்னாக், வெள்ளிக் கெண்டியை உயரத் தூக்கித் தன் ஆலைப் பெண்களுக்குப் புதினாத் தேநீர் ஊற்றுகிறார். தட்டெல்லாம் நுரை. குவளையை வாங்கிக்கொண்ட ஒருத்தியும் உதட்டில் வைக்கவில்லை. "குடிங்கம்மா, ஆறிப்போகுது," என்கிறார் அமைச்சர். "ஊத்துறவருதானே முதல்ல ருசி பாக்கணும்?" என்கிறாள் இஜ்ஜா, அவருடைய முதல் கொட்டகையில் மீன் தலை நறுக்கியவள். "கொட்டகையில எங்களோட குடிச்சப்பல்லாம் அப்படித்தானே செஞ்சீங்க, ஹம்மு அண்ணே. மந்திரியானதும் மறந்துபோச்சா?" யாரோ களுக்கென்று சிரிக்கிறார்கள். அவரும் சிரித்தபடி ஒரு குவளையை எடுக்கிறார். புதினா இலை ஒன்று சுழன்று சுழன்று அடியில் படிகிறது. அத்தனை கண்களும் அவர் தொண்டைக்குழியில். அப்போதுதான் அந்த நினைப்பு வருகிறது: இதைக் காய்ச்சியது யார்? குவளை உதடு வரை போய் நின்றுவிடுகிறது. இஜ்ஜா அதைப் பார்த்துவிடுகிறாள். தன் குவளையை ஒரே மடக்கில் குடித்து, தட்டில் கவிழ்த்து வைக்கிறாள். "நல்லாத்தான் இருக்கு அண்ணே, நாங்கதான் காய்ச்சினோம்." பெண்கள் ஒவ்வொருவராக எழுந்து பந்தலை விட்டு வெளியே நடக்கிறார்கள்.