தாய்மாமன் சொன்ன பெயர்

“நாத்யா. நட்சத்திரத்துக்கு ஐயர் சொன்ன ‘நா’ எழுத்துலயே ஆரம்பிக்குது,” என்றான் இளங்கோ, தொட்டிலை ஆட்டியபடி. “ரஷ்யாவுல நதேஷ்தாங்கிற பேரோட செல்லச் சுருக்கம். நம்பிக்கைன்னு அர்த்தம். எனக்கு ரொம்பப் பிடிச்ச பேரு.”

“அதான் தெரியுமே.” தேங்காய் துருவிக்கொண்டிருந்த மனைவி நிமிரவில்லை. “வேணாங்க. எந்த அரசாங்கக் கந்தோருக்குப் போனாலும் எழுத்துக்கூட்டிச் சொல்லியே பிள்ளைக்கு வாய் வலிக்கும். கோயில்ல அர்ச்சனைக்குக் கொடுத்தா ஐயர் திருப்பித் திருப்பிக் கேப்பாரு. உங்க அம்மா பேரையே வைப்போம். நாகம்மா.”

“இந்தக் காலத்துல நாகம்மாவா? பாம்புன்னுல்ல அர்த்தம். கம்பளை ஊரே சிரிக்கும்.”

“சிரிக்கட்டும். மூத்த பிள்ளைக்கு மாமியார் பேரு வைக்கிறதுதானே வழக்கம்?”

“வழக்கத்தை நீ எனக்குச் சொல்லித் தர்றியா?”

“யாராவது சொல்லித் தரணுமே. தாய்மாமன்தான் காதுல பேரைச் சொல்லணும். எங்க அண்ணன் அதை மனப்பாடமே பண்ணியாச்சு.”

ஞாயிற்றுக்கிழமை, வேட்டிக்கு மேல் பெல்ட்டை இறுக்கிக்கொண்டு, நிலைப்படியில் தலை இடிக்காமல் குனிந்து உள்ளே வந்தார் அண்ணன். குழந்தையை மடியில் வாங்கி, அதன் காதில் மூன்று முறை “நாகம்மா” என்றார். ஒரு தடவைகூடத் தப்பவில்லை.

பிறகு அண்ணன் தங்கையை நிமிர்ந்து பார்த்து ரஷ்ய மொழியில் கேட்டார்: “அழகான பேராத்தான் இருக்கு. என்ன அர்த்தம், நாத்யா?”

நாத்யா கணவனை ஓரக்கண்ணால் பார்த்தாள்.

“நம்பிக்கை,” என்றாள்.