யானைப்பாறை, ஊருணி, நான்

எங்கள் ஊரில் பார்க்க வேண்டியவை மூன்று: யானைப்பாறை, ஊருணி, நான். குடிக்கிற ஊருணியில் கால் கழுவிய வெளியூர்க்காரர்களை ஒருநாள் வைது நாறடித்தேன். அவர்கள் என் வசவுக்குப் போனில் ஆளுக்கு ஐந்து நட்சத்திரம் போட்டார்கள். மறுநாளே சுற்றுலா வரைபடத்தில் என்னையும் சேர்த்துவிட்டார்கள். மூன்று இடம் இருந்தால்தான் ஊருக்கு பஸ் வரும்.

பேத்திக்குக் காதுகுத்து, மகள் ஊரில். பஸ்ஸில் கால் வைத்தேன். கதவு பேசியது: "சுற்றுலா இடங்கள் ஊரைவிட்டு வெளியேற அனுமதி இல்லை."

"நான் மனுசன்டா!" என்று கத்தினேன். பின்னால் நின்றவர்கள் கைதட்டினார்கள்.

பஞ்சாயத்துத் தலைவி குருவம்மா ஓடிவந்தாள். "மாமா, நீங்க போயிட்டா பஸ்ஸு நின்னுரும். பிள்ளைக எப்பிடிப் பள்ளிக்கூடம் போகும்?"

"அப்ப காதுகுத்துக்குப் பாறையை அனுப்பவா?"

கடைசியில் மகள் சுந்தரவல்லியே பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். என் வீட்டு வாசலில், தாய்மாமனான என் மகன் மடியில் வைத்துக் காது குத்தினோம். பிள்ளை ஊரே அதிரக் கத்தியது. வேடிக்கை பார்த்த வெளியூர்க்காரன் ஒருவன், "தாத்தாவை விட நல்லாக் கத்துதே!" என்றான். எல்லோரும் போனில் பிள்ளைக்கு நட்சத்திரம் தட்டினார்கள்.

"தட்டாதீங்கடா!" என்றேன். அதற்கும் கைதட்டல்.

சாயங்காலம் மகள் பஸ்ஸில் ஏறினாள். கதவு மூடவில்லை.

"நான்காம் இடத்தை இறக்கிவிடவும்."

"அப்பா, இது யாரைச் சொல்லுது?" என்றாள் மகள், பிள்ளையை இறுக்கிக்கொண்டு.

எனக்கு வாயில் ஒரு வசவும் வரவில்லை. என்னைப் பார்க்க வந்து காத்திருந்த ஒருவன், ஏமாந்துபோய் எனக்கு ஒற்றை நட்சத்திரம் போட்டான்.