முதல் பெரிய வேஷம்

"இவனை எனக்குத் தெரியாது" என்று றெஜினோல்ட் ஆங்கிலத்தில் சொன்னதும் குலசேகரம் கதிரையை விட்டு எழுந்துவிட்டான். சிப்பாய் ஒருவன் இழுத்துவந்து நிறுத்திய பையனைப் பார்த்துத்தான் அப்படிச் சொன்னான். அடுத்த கணம் வெடிச் சத்தம்.

டிவியில் நடிகர்களின் பெயர்கள் ஓடத் தொடங்கின. லண்டன் பிளேஸ்டோவில் அந்த வாடகை வீட்டு முன்னறையில் இருந்த எல்லோரும் கைதட்டினார்கள். ஆங்கில நாடகங்களில் டாக்ஸி ஓட்டியும் தேநீர் கொண்டுவந்து வைத்தும் காலம் தள்ளிய றெஜினோல்ட்டுக்கு இதுதான் முதல் பெரிய வேஷம். அவன் வாய் திறந்து பேசியதே பாதிப் பேருக்கு அதிசயம்.

குலசேகரம் கைதட்டவில்லை. றெஜினோல்ட்டைக் குசினிக்குள் இழுத்துக்கொண்டு போனான்.

"அது என்ர கதை! தம்பியைக் காப்பாத்தத்தான் ஆமிக்காரனிட்டத் தெரியாதெண்டு சொன்னனான் எண்டு உனக்கு மட்டுந்தானே சொன்னனான்? அம்மாவுக்கே அது தெரியாது."

"பேரையும் ஊரையும் மாத்தித்தான் குடுத்தனான், மச்சான். கதை எழுதிறவன் கேட்டான், வாயில வந்திட்டுது. இந்த வேஷமும் இல்லையெண்டா நான் சாகுமட்டும் டாக்ஸிதான் ஓட்டோணும்."

"துரோகி!"

ஒரே அறையில் படுத்து ஒரே சட்டியில் சாப்பிட்ட சிநேகிதன். அவனே தன்னைச் சந்தையில் வைத்து விற்றுவிட்டானே என்று குலசேகரத்துக்கு நெஞ்சு எரிந்தது. அந்தக் கிழமை முழுக்க அவனோடு பேசவில்லை.

குலசேகரம் அகதி விசாரணைக்குப் போகும் காலை வந்தது. அதிகாரி நம்பினால் லண்டனில் இருக்கலாம், நம்பாவிட்டால் கொழும்புக்கு ஏற்றிவிடுவார்கள். றெஜினோல்ட் தன் நல்ல கோட்டைக் கொண்டுவந்து நீட்டினான்.

"இதைப் போட்டுக்கொண்டு போ. அந்தாளின்ர கண்ணைப் பாத்துச் சொல்லு. அவசரப்படாதை."

குலசேகரம் கோட்டை வாங்கிப் போட்டுக்கொண்டான். பாதிக் கோபம் அப்போதே இறங்கிவிட்டது. இந்த ஊரில் அவனுக்கு வேறு யார் இருக்கிறார்கள்?

விசாரணை அறையில் அதிகாரிக்குப் பக்கத்தில், மொழிபெயர்க்க வந்த சிவமலர் இருந்தாள். தம்பியைப் பற்றிச் சொல்லவேண்டிய இடத்தில் குலசேகரம் தொடங்கியதையே திரும்பத் திரும்பத் தொடங்கினான். றெஜினோல்ட் டிவியில் சொன்ன விதம் அப்போதுதான் ஞாபகம் வந்தது. அதிகாரியின் கண்ணை நேராகப் பார்த்தான். மூச்சை இழுத்துவிட்டான்.

"இவனை எனக்குத் தெரியாது எண்டு சொன்னன், ஐயா. சுட்டுப்போட்டாங்கள்." சொல்லி முடிக்குமுன் உடைந்து அழுதான்.

சிவமலர் அதை ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல அதிகாரியின் முகம் மாறியது. பேனாவை மூடி வைத்துவிட்டு, லேசாகச் சிரித்தபடி ஏதோ வேகமாகச் சொன்னார். குலசேகரத்தின் அரைகுறை ஆங்கிலத்துக்கு அது எட்டவில்லை. அந்தச் சிரிப்பைப் பார்த்து, நம்பிவிட்டார் என்று கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

"என்னவாம், தங்கச்சி?"

சிவமலர் தலை நிமிரவில்லை.

"அண்ணை, உந்த நாடகத்தைத் தானும் பாத்தவராம்."